கிரிக்கெட்டா, பைனான்ஸா? லண்டன் ஹாரோவிலிருந்து கேட்ட அம்மாவுக்கு

வணக்கம் அம்மா. மகனுக்கு 17 வயது, ஏ-லெவலில் (இங்கிலாந்தின் பிளஸ் டூ மாதிரி) கணக்கும் பொருளாதாரமும் படிக்கிறான், சனிக்கிழமை வந்தால் கிளப் மைதானமே கதி. "பேங்க்ல வேலை பார்த்துக்கிட்டே கிரிக்கெட் ஆடுவேன்" என்கிறானாம். நடக்கிற காரியமா என்று கேட்கிறீர்கள். நடக்கும். எந்த வேலை, எந்த அளவு கிரிக்கெட் என்பதில்தான் சிக்கல்.

அவன் ஆசைக்கு இங்கிலாந்தில் பழைய முன்னோடிகள் உண்டு. கபி ஆலனைப் பற்றிப் படிக்கச் சொல்லுங்கள். மிடில்செக்ஸ் கவுண்டி (மாவட்ட) அணியின் வேகப்பந்து வீச்சாளர், இங்கிலாந்து கேப்டன், பிற்பாடு லண்டனில் பங்குத் தரகர். அமெச்சூர் என்பதால் ஆட்டத்துக்குச் சம்பளம் கிடையாது, செலவுக் காசு மட்டும். 1929இல் லார்ட்ஸில் லங்காஷயருக்கு எதிராக 40 ரன் கொடுத்து 10 விக்கெட்டையும் எடுத்தார். அன்று காலை வேலையை முடித்துவிட்டுத் தாமதமாக வந்ததால் புதுப் பந்துகூட அவர் கைக்கு வரவில்லை.

ஆஸ்திரேலியாவுக்கு எதிரான 1932-33 பாடிலைன் தொடரில் உடம்பைக் குறிவைத்துப் பந்து போடச் சொன்னார் இங்கிலாந்தின் அப்போதைய கேப்டன் ஜார்டின். ஆலன் முடியாது என்றுவிட்டார். அப்படிப் போடாமலேயே 21 விக்கெட் எடுத்தார். சுரங்கத் தொழிலாளியாக இருந்து தொழில்முறை ஆட்டக்காரரான லார்வுட், கேப்டன் சொன்னபடி போட்டார். பிறகு அவரையே மன்னிப்புக் கேட்கச் சொன்னார்கள். மறுத்தார், இங்கிலாந்துக்கு மறுபடி ஆடவே இல்லை. ஆலன் உத்தமர், லார்வுட் கெட்டவர் என்று நான் சொல்ல வரவில்லை. ஆலன் வீட்டு அடுப்பு கிரிக்கெட்டை நம்பி எரியவில்லை, அவ்வளவுதான். கையில் இன்னொரு தொழில் இருந்தால் 'முடியாது' என்று சொல்லும் தெம்பு வரும். உங்கள் பையனுக்கு பைனான்ஸ் வேண்டும் என்று நான் சொல்வதும் இதற்காகவே.

ஆனால் அந்த ஏற்பாட்டுக்கு விலையும் இருந்தது. 1921 முதல் 1950 வரை மிடில்செக்ஸுக்கு ஆலன் ஆடியது 150 ஆட்டத்துக்கும் குறைவு. லீவு கிடைத்தால்தான் ஆட்டம். 1962இல் அமெச்சூர் என்ற பிரிவையே எடுத்துவிட்டார்கள். இன்று கவுண்டி கிரிக்கெட் முழுநேர வேலை. ஆகவே ஆபீஸும் கவுண்டியும் சேர்ந்து ஓடாது. ஆபீஸும், வார இறுதியில் ஆடும் நல்ல பிரீமியர் லீக் கிரிக்கெட் கிளப்பும் (கால்பந்து லீக் அல்ல) தாராளமாக ஓடும். இதை அவனிடம் பூசி மெழுகாமல் சொல்லிவிடுங்கள்.

அப்புறம் வேலை. இன்வெஸ்ட்மென்ட் பேங்கிங்கில் முதல் சில வருடங்கள் சனி, ஞாயிறு என்று எதுவும் நிச்சயமில்லை. அதில் நுழையும் வழியான கோடைகால இன்டர்ன்ஷிப்பும் சரியாக ஜூன் முதல் ஆகஸ்ட் வரை, கிரிக்கெட் சீசனின் நடுவில் வரும். ஆடிட் வேலையில் நெருக்கடி பெரும்பாலும் ஜனவரி முதல் மார்ச் வரை. சீசன் ஏப்ரலில்தான் தொடங்குகிறது. நிதி மேலாண்மை நிறுவனங்களும் பரவாயில்லை, பங்குச்சந்தை மாலை நாலரைக்கு மூடிவிடும், வார இறுதியில் திறப்பதே இல்லை. என்னைக் கேட்டால் முதலில் சார்ட்டர்ட் அக்கவுன்டன்சி. பெயரில் பளபளப்பு குறைவுதான், ஆனால் சனிக்கிழமை மிஞ்சும்.

கவுண்டிக் கதவு மூடிவிட்டதாகவும் நினைக்க வேண்டாம். முன்னாள் இங்கிலாந்து கேப்டன் ஆன்ட்ரூ ஸ்ட்ராஸ் டர்ஹாம் பல்கலைக்கழகத்தில் பொருளாதாரம் படித்தவர்தான். கவுண்டி ஒப்பந்தம் கிடைக்காத தெற்காசிய வம்சாவளி ஆட்டக்காரர்களுக்கென்று சவுத் ஏஷியன் கிரிக்கெட் அகாடமி இருக்கிறது; அதன் வழியாகக் கவுண்டி ஒப்பந்தம் பெற்றவர்களும் உண்டு.

பல்கலைக்கழகச் சேர்க்கைக்கான யூகாஸ் படிவத்தில் ஐந்து இடம் போடலாம். டர்ஹாமும் லஃப்பரோவும் அதில் இருக்கட்டும், இரண்டிலும் கிரிக்கெட் பலம். டர்ஹாம் பொருளாதாரத்துக்கு ஏ-லெவல் கணக்கில் நல்ல கிரேடு கட்டாயம். அதனால் இந்தக் குளிர்காலத்தில் வாரத்துக்கு ஒரு நாள் நெட் பிராக்டிஸைக் குறைத்து, அந்த நேரத்தைக் கணக்குக்குக் கொடுக்கச் சொல்லுங்கள். முணுமுணுப்பான், கேட்பான்.