ஃபாய்னா ரனேவ்ஸ்கயா – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ரஷ்ய நடிகை ஃபாய்னா ரனேவ்ஸ்கயாவின் 'பொன்மொழிகள்' வாட்ஸப்பில் ஓயாமல் வருகின்றன. எல்லாம் நக்கல். ஆர்வம் வந்து அவர் நடித்த 'போத்கீதிஷ்' (1939) படத்தைப் பார்த்தேன். கணவனை அதட்டும் ஓர் அம்மாள், அவ்வளவுதான். மொத்தமே சில நிமிடங்கள். இவரையா மாபெரும் நடிகை என்கிறார்கள்? வாய்த்துடுக்கால் வந்த புகழ்தானா?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

அந்தப் பொன்மொழிகளை முதலில் அழித்துவிடுங்கள். நாம் தெனாலிராமன் தலையில் கட்டுவதுபோல, ஊரில் உலவும் நக்கலையெல்லாம் ரஷ்யர்கள் அவர் தலையில் கட்டிவிட்டார்கள்.

சில நிமிடங்கள்தான். ஆனால் கணவனைப் பார்த்து அவர் சொல்லும் "மூல்யா, என்னைப் படுத்தாதே" என்ற அந்த ஒரு வசனத்தைச் சொல்லி சிறுவர்கள் தெருவில் அவரைத் துரத்தினார்கள். கடைசிவரை அந்த வசனத்தை அவர் வெறுத்தார். வெறுக்காமல் என்ன செய்வார்? 1896இல், ரஷ்ய எழுத்தாளர் செகாவ் பிறந்த அதே தாகன்ரோக் நகரில் வசதியான யூதக் குடும்பத்தில் பிறந்தவர். புரட்சிக்காலத்தில் குடும்பம் நாட்டைவிட்டுப் போனபோது நாடகத்துக்காகத் தனியே தங்கிவிட்டார். மேடைப்பெயரே செகாவின் 'செர்ரித் தோட்டம்' நாடகத்து நாயகியுடையது. அப்படிப்பட்டவருக்கு சினிமா கொடுத்ததெல்லாம் மாற்றாந்தாய், வீட்டுக்காரி, சமையல்காரி.

இயக்குநர் ஐசன்ஸ்டீன் 'இவான் தி டெரிபிள்' படத்தில் ஜாரின் அத்தை யெஃப்ரோசீனியா வேடத்துக்கு அவரைத்தான் கேட்டார். சினிமாத் துறையின் தலைவர் பல்ஷகோவ் 1942இல் மேலிடத்துக்குக் கடிதம் எழுதினார்: அவர் முகத்தில் யூதச் சாயல் தெரிகிறது, குளோசப்பில் இன்னும் பளிச்சென்று தெரிகிறது என்று. வேடம் செராஃபிமா பிர்மன் என்ற நடிகைக்குப் போயிற்று. அதற்காகப் பழியை முழுக்க அரசின்மேல் போடவும் மாட்டேன். மூன்று முறை ஸ்டாலின் பரிசு கொடுத்ததும் அதே அரசுதான். அவரும் லேசுப்பட்டவரல்ல, இயக்குநர்களோடு முட்டிக்கொண்டு தியேட்டர் தியேட்டராக மாறியவர்.

நீங்கள் பார்க்க வேண்டியது 'சோலுஷ்கா' (1947). சிண்டரெல்லா கதைதான். மாற்றாந்தாயாக வரும் ரனேவ்ஸ்கயா கண்ணாடி முன் நின்று இறகுகளைத் தலையில் வைத்து வைத்துப் பார்ப்பார். திரைக்கதை எழுதிய ஷ்வார்ட்ஸ் தன் எழுத்தில் யாரையும் கைவைக்க விடாதவர், இவர் இஷ்டத்துக்குச் சேர்த்துக்கொள்ள மட்டும் விட்டுக்கொடுத்தார். இன்னோர் இடத்தில், தான் குதிரை மாதிரி உழைப்பதாக அந்த அம்மாள் அலுத்துக்கொள்கிறாள். என்ன உழைப்பு? ஓடுவது, கெஞ்சுவது, அதட்டுவது, சிபாரிசு பிடிப்பது. அரண்மனைக் கதைக்குள் அசல் சோவியத் ஆபீஸ் பெண்மணி!

அதற்குப் பிறகு மேடைக்கு வாருங்கள். 1969இல் மாஸ்கோவின் மொசொவியெத் தியேட்டரில் அனத்தோலி எஃப்ரோஸ் இயக்கிய 'தால்ஷே – திஷினா' நாடகம். 1978இல் தொலைக்காட்சிக்காகப் பதிவு செய்திருக்கிறார்கள். வயதான தம்பதி, இருவரையும் சேர்த்து வைத்துக்கொள்ளப் பிள்ளைகள் யாருக்கும் மனமில்லை. கணவராக ரஸ்தீஸ்லாவ் ப்ளியாத். தான் முதியோர் இல்லத்துக்குப் போவதை அவரிடம் மறைத்துவிட்டு, ரயிலேற்றி விடுகிறாள் கிழவி. அழுது தீர்க்க எல்லா வசதியும் உள்ள கட்டம். ரனேவ்ஸ்கயா அழுகையைப் பிடித்துவைத்துக்கொண்டு கணவனைத் தேற்றுகிறார். அந்தப் பதிவின்போது அவருக்கே எண்பதுக்குமேல் வயது.

ரஷ்ய மொழி தெரியாவிட்டாலும் பரவாயில்லை, பார்த்துவிட்டு எழுதுங்கள். 'போத்கீதிஷ்' பற்றிப் பிறகு சண்டை போடலாம்.