விபத்தில் உடைந்த கால், இப்போது தேயும் மூட்டு: ‘வயதால் வந்தது’ என்று தள்ளிவிட முடியுமா?

கேள்வி: என் கணவர் கொத்தனார், வயது 46. 2021-ல் பைக்கில் போனபோது வேன் மோதி, வலது முழங்காலுக்குக் கீழே எலும்பு உடைந்து பிளேட் வைத்தார்கள். மோட்டார் வாகன விபத்துத் தீர்ப்பாயத்தில் வழக்கு நடக்கிறது. இப்போது அதே மூட்டு தேய்ந்துவிட்டது, மாற்று அறுவை சிகிச்சை வேண்டும் என்கிறார்கள். புது டிஸ்சார்ஜ் சம்மரியில் ‘எம் 17.1’ என்று இருக்கிறது. அதைக் காட்டி, இது வயதுத் தேய்மானம் என்று இன்சூரன்ஸ் தரப்பு வாதாடுகிறது. என்ன செய்வது?

பதில்: சகோதரி, அந்த எண்ணைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். ஆனால் அப்படியே விட்டுவிடவும் கூடாது.

அது உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி. 10 நோய்ப் பட்டியலில் உள்ள குறியீடு. எம் 17.1 என்றால் தானாக வந்த முழங்கால் தேய்மானம். அடிபட்டதால் ஒரு மூட்டில் வந்த தேய்மானத்துக்கு எம் 17.3 என்று தனி எண் இருக்கிறது. பழைய எலும்பு முறிவின் பின்விளைவு என்று காட்ட டி (T) 93.2, அதற்குக் காரணம் வாகன விபத்து என்று காட்ட ஒய் 85.0 ஆகியவையும் உண்டு. காயம் பட்டு ஒரு வருடமோ அதற்கு மேலோ கழித்தும் இருக்கும் பாதிப்பைப் பின்விளைவாகவே அந்தப் பட்டியல் எடுத்துக்கொள்கிறது. அதனால் ‘இத்தனை வருடம் கழித்து வந்ததே’ என்ற வாதத்துக்கு அங்கே இடமில்லை.

தப்பு எப்படி நடந்திருக்கும்? டாக்டர் அவசரத்தில் ‘ஓ.ஏ. (மூட்டுத் தேய்மானம்) வலது முழங்கால்’ என்று மட்டும் எழுதியிருப்பார். குறியீடு போடுபவர் உங்கள் கணவரையும் பார்த்ததில்லை, 2021 ஃபைலையும் பார்த்ததில்லை. கையில் இருந்த நாலு வார்த்தைக்கு ஓர் எண்ணைப் போட்டுவிட்டார். இப்படி நடப்பது சகஜம்.

முதலில் பழைய எக்ஸ்ரே, ஆபரேஷன் குறிப்பு, ஏ.ஆர். காப்பி (ஆஸ்பத்திரி விபத்துப் பதிவேட்டின் நகல்) எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு இப்போதைய எலும்பு டாக்டரிடம் போங்கள். ‘குறியீட்டை மாற்றிக் கொடுங்கள்’ என்று கேட்காதீர்கள். பழைய முறிவு மூட்டுக்குள் போயிருந்ததா, இந்தத் தேய்மானம் அதனால் வந்ததா என்று கேளுங்கள். ஆம் என்பது அவர் முடிவானால், இன்றைய தேதியிட்டுத் தனி விளக்கக் கடிதம் தரட்டும். பழைய சம்மரியில் அடித்துத் திருத்த வேண்டாம், குறுக்கு விசாரணையில் அதையே பிடித்துக்கொள்வார்கள். இரண்டு முழங்காலையும் சேர்த்து எக்ஸ்ரே எடுங்கள். இடது மூட்டு நன்றாக இருந்து, பிளேட் வைத்த வலது மூட்டில் மட்டும் எலும்போடு எலும்பு ஒட்டி நின்றால், ‘வயது வலது காலுக்கு மட்டுமா ஆனது?’ என்று உங்கள் வக்கீல் கேட்கலாம்.

கடிதம் மட்டும் போதாது, டாக்டர் கூண்டில் ஏறிச் சாட்சி சொல்ல வேண்டும். ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் 2010-ல் உச்ச நீதிமன்றம் இதை வலியுறுத்தியது. காலுக்கு எத்தனை சதவீத ஊனம் என்பது வேறு, அதனால் பிழைப்பில் எவ்வளவு போயிற்று என்பது வேறு என்றும் சொன்னது. உங்களுக்கு உயிர்நாடி அதுதான். மேஜையில் உட்கார்ந்து கணக்கு எழுதுபவருக்கு முழங்கால் மடங்காவிட்டாலும் வேலை ஓடும். கொத்தனார் சாரம் ஏற வேண்டும், குத்துக்காலிட்டுத் தரை போட வேண்டும். அதை உங்கள் கணவரே, கூட வேலை பார்த்த மேஸ்திரியும்கூட, சாட்சியாகச் சொல்லட்டும்.

இனி அவசரமான விஷயம். தீர்ப்பு வந்த பிறகு ‘இப்போது ஆபரேஷன் செலவு வந்துவிட்டது’ என்று அதே தீர்ப்பாயத்தில் இன்னொரு மனு போட முடியாது. எதிர்கால மருத்துவச் செலவையும் ஒரே தீர்ப்பில் நிர்ணயிக்க வேண்டும் என்று நாகப்பா வழக்கில் 2002-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கேட்ட தொகைக்கு மேலும் நியாயமான இழப்பீடு தரலாம் என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. ஆகவே மூட்டு மாற்றுச் செலவுக்கு ஆஸ்பத்திரியில் எழுத்துபூர்வ எஸ்டிமேட் வாங்கி, மனுவைத் திருத்தக் கேளுங்கள். சாட்சியம் முடிந்திருந்தால் மறுபடி திறக்கவும் மனு போடச் சொல்லுங்கள்.

2021 ஆவணங்கள் கையில் இல்லையா? உள்நோயாளி பதிவேட்டை டாக்டர்கள் 3 வருடம் வைத்திருக்க வேண்டும் என்பதே மருத்துவக் கவுன்சில் விதி. அந்தக் காலம் தாண்டிவிட்டது. இருந்தாலும் எழுதிக் கேளுங்கள், இருந்தால் 72 மணி நேரத்தில் தர வேண்டும். அங்கே இல்லாவிட்டால், தீர்ப்பாயத்தில் ஏற்கெனவே சாட்சியமாகக் குறியிட்ட ஆவணங்களுக்குச் சான்றிட்ட நகல் வாங்கி, அதையே டாக்டரிடம் காட்டுங்கள்.