அம்மா 'இல்லத்தரசி'தானா?

கேள்வி: எனக்கு வயது 27, வங்கியில் வேலை. ஸ்பெயின் நடிகர் ஹாவியர் பார்டெம்தான் என் முன்மாதிரி. ஓவியம் படித்துக்கொண்டிருந்தவர், கைச்செலவுக்காகச் சில்லறை வேடங்களுக்குப் போய் ஆஸ்கர் வரை உயர்ந்தார். அவரைப் போல நானும் வேலையை விட்டுவிட்டு நடிக்கப் போகலாமா? என் அம்மா நாடக நடிகை. அவர் சம்பாத்தியத்தில்தான் படித்தேன். இன்றும் விடியற்காலையில் புடவைப் பையைத் தூக்கிக்கொண்டு தொலைக்காட்சித் தொடர் படப்பிடிப்புக்குக் கிளம்பிவிடுகிறார். எனக்குப் பெண் பார்ப்பதால், வரன் விவரத்தில் அவரை 'இல்லத்தரசி' என்று போட்டிருக்கிறேன். என்ன செய்யலாம்?

பதில்: தம்பி, வேலையை விடலாமா என்ற கேள்வி மாதம் தவறாமல் இந்தப் பகுதிக்கு வருகிறது. அதை ஒதுக்கிவைக்கிறேன். போகிறபோக்கில் நீங்கள் எழுதிவிட்டுக் கடந்துபோன அந்த 'இல்லத்தரசி'யை என்னால் கடக்க முடியவில்லை.

உங்கள் முன்மாதிரியின் முழுப் பெயர் ஹாவியர் ஆங்கெல் என்சினாஸ் பார்டெம். ஸ்பெயின் வழக்கப்படி தந்தையின் குடும்பப் பெயர் முன்னாலும் தாயின் குடும்பப் பெயர் பின்னாலும் வரும். என்சினாஸ் அப்பா வழி; பார்டெம் அம்மா வழி. அவர் தொழிலுக்கு எடுத்துக்கொண்டது அம்மாவின் பெயரை. அந்த அம்மா, பிலார் பார்டெம், கணவரைப் பிரிந்தபின் நடித்தே மூன்று பிள்ளைகளை ஆளாக்கியவர். பிலாரின் பெற்றோர் ரஃபேல், மத்தில்டே இருவரும் நடிகர்கள். அவருடைய அண்ணன் ஹுவான் அந்தோனியோ, சர்வாதிகாரி பிராங்கோ ஆட்சியில் சிறை சென்ற இயக்குநர். ஹாவியரே ஐந்தாறு வயதில் 1974-ஆம் ஆண்டுத் தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் தலைகாட்டியவர்தான். ஓவியம் படிக்கப் போன பையன் எங்கிருந்தோ நடிப்புக்குள் வந்து விழுந்ததாக நீங்கள் எழுதுவது பாதிக் கதை. மீதிப் பாதியில் அவருடைய அம்மா இருக்கிறார், அதைத்தான் நீங்கள் வசதியாக விட்டுவிட்டீர்கள்.

1996-ஆம் ஆண்டு ஸ்பெயினின் கோயா திரைப்பட விருது விழாவில் சிறந்த நடிகர் மகன், சிறந்த துணை நடிகை அம்மா. இரண்டும் ஒரே இரவில். 2008-இல் ஆஸ்கர் வாங்கியபோது, நடிப்புக்காக அதைப் பெற்ற முதல் ஸ்பானிய நடிகரான அவர், ஆங்கிலத்தில் நன்றி சொல்லிக்கொண்டே வந்து, சட்டென்று ஸ்பானிய மொழிக்கு மாறி, அரங்கில் உட்கார்ந்திருந்த பிலாரை நோக்கி, இது உனக்கும் உன் பெற்றோருக்கும் நம் நாட்டுக் கலைஞர்களுக்கும் உரியது என்று சொன்னார். உலகமே பார்க்கும் மேடையில் அவர் அம்மாவின் தொழிலைச் சொன்னார். நீங்களோ முன்பின் தெரியாத ஒரு சம்பந்தி வீட்டாருக்குப் பயந்து, அரைப்பக்க விவரத்தாளில் அதை அழித்திருக்கிறீர்கள். உங்களுக்கு வெட்கமாக இல்லையா?

உங்கள் அம்மா கட்டிய கல்லூரிக் கட்டணம் இனித்தது. அதைச் சம்பாதித்த தொழில் மட்டும் கசக்கிறது. அதே தொழிலுக்கு நீங்களும் போக வேண்டும் என்கிறீர்கள்! பெண்ணுக்கு வந்தால் மறைக்க வேண்டியது, ஆணுக்கு வந்தால் கலை என்ற இந்தக் கணக்கை நான் ஒருபோதும் ஒப்புக்கொள்ள மாட்டேன். பெற்றவளின் உழைப்பை ஊரறியச் சொல்வது பிள்ளையின் கடமை. அதில் பேரம் கிடையாது.

இன்றிரவே அந்த விவரத்தாளைத் திருத்துங்கள். 'தாயார்: மேடை, தொலைக்காட்சி நடிகை' என்று எழுதி, அவரிடமே படித்துக் காட்டுங்கள். அதைப் பார்த்து விலகும் குடும்பம் விலகட்டும். வேலையை விடும் கேள்வியையும் அவரிடமே கேளுங்கள். படப்பிடிப்புக்கு அவர் கிளம்புவதற்கு முன், அந்தப் புடவைப் பையை வாசல் வரை நீங்கள் தூக்கிக்கொண்டு போகும்போது.