உலக சாதனைகள் பதினேழு, தங்கம் ஒன்றுகூட இல்லை: வாசகர் கேள்வி பதில்

போன இதழில் ஒரு வாசகர், "ஒலிம்பிக் தங்கம் வாங்காத ஓட்டக்காரர்களில் மிகச் சிறந்தவர் யார்?" என்று கேட்டிருந்தார். "ஆஸ்திரேலியாவின் ரான் கிளார்க்" என்று ஒரே வரியில் பதில் எழுதினேன். அந்த ஒரு வரி போதாது என்று நிறையக் கடிதங்கள் வந்துவிட்டன. ஆகவே இந்த இதழ் முழுக்க அவர்தான்.

தங்கமே வாங்காதவரை மிகச் சிறந்தவர் என்று எந்தக் கணக்கில் சொல்கிறீர்கள்?
– வாசகர், மதுரை

கடிகாரக் கணக்கில். 1963 டிசம்பரில் மெல்போர்னில் 10,000 மீட்டரை 28 நிமிடம் 15.6 வினாடியில் ஓடி உலக சாதனை படைத்தார். அதுதான் தொடக்கம். 1965ல் ஐரோப்பாவுக்குப் போனார். 44 நாட்களில் 18 பந்தயங்கள், 12 உலக சாதனைகள். விமானத்தில் ஏறு, இறங்கு, ஓடு, மறுபடி ஏறு என்ற வாழ்க்கையில் இதைச் செய்தார். அவர் தொழிலால் ஒரு கணக்காளர். அலுவலக வேலையையும் வைத்துக்கொண்டுதான் பயிற்சி செய்தார் என்பதையும் சேர்த்துப் பாருங்கள்.

அந்தப் பயணத்தில் ஒரே வாரத்தில் இரண்டு நாட்களை மட்டும் எடுத்துக்கொள்வோம். ஜூலை 10, லண்டன் ஒயிட் சிட்டி. மூன்று மைல் தூரத்தை 12 நிமிடம் 52.4 வினாடியில் முடித்தார். 13 நிமிடத்துக்குள் மூன்று மைல் ஓடிய முதல் மனிதர் அவர். நாலே நாள் கழித்து, ஜூலை 14, நார்வேயின் ஆஸ்லோ நகரம், பிஸ்லெட் மைதானம். 10,000 மீட்டர். அவரோடு ஓடியவர்கள் மிகச் சிலர். போட்டி கொடுக்க யாரும் இல்லை, அவராகவேதான் வேகத்தை இழுத்துப் பிடிக்க வேண்டும். முடிவில் கடிகாரம் காட்டியது 27 நிமிடம் 39.4 வினாடி. 28 நிமிடத்துக்குள் அந்தத் தூரத்தை அதுவரை யாரும் ஓடியதில்லை. தன்னுடைய பழைய உலக சாதனையிலிருந்தே 36.2 வினாடியைக் குறைத்தார்.

நான் பள்ளியில் உடற்கல்வி ஆசிரியராக இருந்தவன். ஸ்டாப்வாட்சும் கையுமாகத் தடத்தின் ஓரத்தில் நின்றவனுக்கு இந்த 36 வினாடி என்னவென்று தெரியும். 25 சுற்றிலும் சுற்றுக்கு ஏறத்தாழ ஒன்றரை வினாடி குறைய வேண்டும். ஒரு சுற்றில் குறைப்பது எளிது. இருபத்தைந்திலும் குறைப்பதற்கு, முன்னால் யாரும் இல்லாத வெறும் தடத்தைப் பார்த்துக்கொண்டே ஓடுவதற்கு, வேறொரு மனம் வேண்டும். அந்தச் சாதனை 1972 மியூனிக் ஒலிம்பிக் வரை நின்றது. அங்கே பின்லாந்தின் லாசே விரேன் அதை முறியடித்தபோதும் இடைவெளி ஒரே ஒரு வினாடிதான்.

அப்படிப்பட்டவர் 1964 டோக்கியோவில் ஏன் தோற்றார்? பயந்துவிட்டாரா?
– வாசகர், கோவில்பட்டி

பயம் என்ற பேச்சுக்கே இடமில்லை. அந்த 10,000 மீட்டரை ஆரம்பத்திலிருந்தே இழுத்துக்கொண்டு போனவர் அவர்தான். ஒரு சுற்று வேகம், ஒரு சுற்று கொஞ்சம் மட்டுப்பாடு என்று மாற்றி மாற்றி ஓடி மற்றவர்களைக் கழற்றிவிடப் பார்த்தார். முக்கால்வாசிப் பேர் கழன்றும்போனார்கள். துனிசியாவின் முகமது கம்மூதியும், அமெரிக்க மரீன் படை அதிகாரி பில்லி மில்ஸும் மட்டும் ஒட்டிக்கொண்டே வந்தார்கள். மில்ஸ் லகோட்டா பழங்குடியைச் சேர்ந்தவர். அன்றைக்கு முன்னால் அவரை யாரும் கணக்கில் வைத்திருக்கவில்லை, கிளார்க் உட்பட.

கடைசிச் சுற்றில்தான் சிக்கல். தகுதிச் சுற்று வைக்காமல் எல்லாரையும் நேராக இறுதிப் போட்டியில் இறக்கியிருந்தார்கள். அதனால் தடம் முழுக்கச் சுற்றில் பின்தங்கியவர்கள். முன்னால் ஒருவர், பக்கத்தில் மில்ஸ், நடுவில் கிளார்க். வழி கேட்டும் கிடைக்காமல் மில்ஸை லேசாகத் தள்ளினார், மில்ஸ் வெளித்தடத்துக்குப் போனார். அந்த இடைவெளியில் கம்மூதி இருவருக்கும் நடுவே பாய்ந்தார். கிளார்க் துரத்தி எட்டியும் பிடித்தார். ஆனால் கடைசி நேர்கோட்டில் வெளித்தடத்திலிருந்து மில்ஸ் இருவரையும் தாண்டிவிட்டார். மில்ஸ் 28:24.4, கம்மூதி 28:24.8, கிளார்க் 28:25.8. ஒன்றரை வினாடிக்குள் மூன்று பதக்கம்.

கிளார்க்கிடம் கடைசி 200 மீட்டர் பாய்ச்சல் இல்லை. அது அவருக்கும் தெரியும். அதனால்தான் முன்னால் ஓடினார். பின்னால் ஒளிந்திருந்து கடைசியில் பாய்வது விதிக்கு உட்பட்ட உத்திதான், நான் குறை சொல்ல மாட்டேன். ஆனால் பந்தயத்தின் வேகத்தை யாராவது ஒருவர் தோளில் சுமந்தால்தான் மற்றவர்கள் பாய முடியும். பத்து வருடமாக அந்தச் சுமையைச் சுமந்தவர் கிளார்க். அவருக்குப் பின்னால் ஓடியவர்கள் எல்லாரும் அவரால் வேகமானார்கள்.

அதே ஒலிம்பிக்கில் 5,000 மீட்டரிலும் மாரத்தானிலும் ஓடினார். இரண்டிலும் ஒன்பதாம் இடம்.

அந்த டோக்கியோ ஓட்டத்தில் இலங்கை வீரர் ஒருவரும் ஓடினார் அல்லவா?
– வாசகர், யாழ்ப்பாணம்

ஆமாம், ரணதுங்க கருணானந்த. 67ஆம் எண் அணிந்து ஓடியவர். பல சுற்றுகள் பின்தங்கி, மற்ற எல்லாரும் முடித்துவிட்டுப் போன பிறகும் தனியாக ஓடினார். முதலில் கேலி செய்த கூட்டம் கடைசியில் எழுந்து கைதட்டியது. ஜப்பானியப் பள்ளிப் பாடநூலில் அவர் கதை இடம்பெற்றது. நினைவுபடுத்தியதற்கு நன்றி.

மெக்சிகோவில் கிளார்க் செத்துப் பிழைத்தார் என்கிறார்களே, உண்மையா?
– வாசகர், சேலம்

உண்மை. எழுதும்போது இப்போதும் எனக்குக் கோபம் வருகிற விஷயம் இது.

1968 ஒலிம்பிக்கை மெக்சிகோ நகரத்துக்குக் கொடுப்பது என்று 1963லேயே முடிவு செய்துவிட்டார்கள். அந்த ஊர் கடல்மட்டத்திலிருந்து 2,240 மீட்டர் உயரம், நம் ஊட்டி அளவு. அங்கே ஒரு மூச்சில் கிடைக்கும் ஆக்சிஜன் கீழே கிடைப்பதைவிடக் கிட்டத்தட்ட கால்பங்கு குறைவு. நூறு மீட்டர் ஓடுகிறவருக்கு அது லாபம், காற்றின் எதிர்ப்பு குறையும். பத்தாயிரம் ஓடுகிறவருக்கோ ஒவ்வொரு சுற்றிலும் கடன் ஏறிக்கொண்டே போகும். இது நடத்தியவர்களுக்குத் தெரியாததல்ல. எச்சரிக்கை முன்கூட்டியே வந்தது. பிடிவாதமாக நடத்தினார்கள்.

அக்டோபர் 13 அன்று 10,000 மீட்டர். கடைசி இரண்டு சுற்று இருக்கும்வரை கிளார்க் முன்வரிசையில்தான் இருந்தார். அதன்பிறகு கால் மட்டும் ஓடியது. ஆறாவதாகக் கோட்டைத் தாண்டி அப்படியே விழுந்தார், நினைவு போய்விட்டது. ஆக்சிஜன் முகமூடி வைத்துப் பக்கத்தில் மண்டியிட்டிருந்த ஆஸ்திரேலிய அணி மருத்துவர் பிரையன் காரிகன் அழுதார். அந்தப் படம் உலகம் முழுக்கப் பரவியது. கடைசிச் சுற்று பிற்பாடு கிளார்க்கின் நினைவில் இல்லவே இல்லை.

வென்றவர் கென்யாவின் நஃப்தாலி தேமு. நேரம் 29:27.4. கிளார்க்கின் சாதனையைவிட ஏறக்குறைய ஒன்றேமுக்கால் நிமிடம் அதிகம். அந்தக் காற்று எவ்வளவு மெலிந்தது என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம். அதே நேரம் தேமுவின் பெருமையைக் குறைக்கவும் கூடாது. இரண்டு வருடம் முன்னால் கிங்ஸ்டன் காமன்வெல்த் போட்டியில், கடலோர ஊரில், ஆறு மைல் ஓட்டத்தில் இதே தேமு கிளார்க்கை வென்றிருக்கிறார்.

விழுந்து எழுந்தவர் அதே வாரம் 5,000 மீட்டரும் ஓடி ஐந்தாவதாக வந்தார். 1981ல் அவருக்கு இதய வால்வு அறுவை சிகிச்சை நடந்தது. அந்த மெக்சிகோ ஓட்டத்தோடு சேர்த்துத்தான் ஆஸ்திரேலியர்கள் அதைப் பேசுகிறார்கள்.

காமன்வெல்த்திலாவது தங்கம் உண்டா?
– வாசகர், நாகர்கோவில்

இல்லை. 1962, 1966, 1970 மூன்று போட்டிகளிலும் சேர்த்து நாலு வெள்ளி.

ஜாடோபெக் தன் பதக்கத்தைக் கொடுத்த கதை கற்பனையா?
– வாசகர், தஞ்சாவூர்

கற்பனை இல்லை. செக்கோஸ்லோவாகியாவின் எமில் ஜாடோபெக் 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் 5,000, 10,000, மாரத்தான் மூன்றிலும் தங்கம் வாங்கியவர். 1966ல் கிளார்க் பிராக் நகரத்துக்கு ஓட வந்தார். திரும்பும்போது விமான நிலையம் வரை கூடவே வந்த ஜாடோபெக், கையில் ஒரு சின்னப் பொட்டலத்தைத் திணித்தார். நட்புக்காகத் தரவில்லை, உனக்குத் தகுதி இருப்பதால் தருகிறேன் என்ற பொருளில் ஒரு வார்த்தை சொன்னார். எதையோ நாட்டுக்கு வெளியே கடத்தச் சொல்கிறார் என்று நினைத்து, விமானம் கிளம்பும்வரை கிளார்க் அதைப் பிரிக்கவில்லை. பிரித்தால் 1952ன் 10,000 மீட்டர் தங்கப் பதக்கம்.

ஜாடோபெக்கிடம் எத்தனையோ பதக்கங்கள் இருந்தன. அதில் அவர் எடுத்துக் கொடுத்தது எதை என்று பாருங்கள். கிளார்க் வென்றிருக்க வேண்டிய அதே தூரத்தின் பதக்கம்.

இளமைக் காலம் பற்றிச் சொல்லுங்கள்.
– வாசகர், விழுப்புரம்

பிறந்தது மெல்போர்னில், 1937ல். அண்ணன் ஜாக் கிளார்க் எஸ்ஸெண்டன் அணியின் பேர்பெற்ற கால்பந்து வீரர், ஆஸ்திரேலிய விதிக் கால்பந்து. தம்பி மைல் ஓட்டத்தில் இளையோர் உலக சாதனை வைத்திருந்தார். 1956 மெல்போர்ன் ஒலிம்பிக்கில் அணியில் இடம் கிடைக்கவில்லை. ஆனால் ஒலிம்பிக் சுடர்க் கொப்பரையை ஏற்றும் பொறுப்பு அந்த 19 வயதுப் பையனுக்கு வந்தது. தீப்பந்தத்திலிருந்து பொறி தெறித்துச் சட்டையில் ஓட்டை விழுந்தது, கையும் சுட்டது. அவர் பந்தத்தைத் தாழ்த்தவில்லை.

அதே வருடம் மார்ச்சில் ஆஸ்திரேலிய மைல் சாம்பியன்ஷிப்பில் இடறி விழுந்தார். பின்னால் வந்த ஜான் லேண்டி அவரைத் தாண்டிக் குதித்தபோது ஓட்டக் காலணியின் ஆணி கையில் கீறியது. லேண்டி ஓட்டத்தை நிறுத்தித் திரும்பி வந்து, அடிபட்டதா என்று பார்த்துவிட்டு, மறுபடி ஓடி அந்தப் பந்தயத்தை வென்றார். அந்தக் காட்சி மெல்போர்னில் வெண்கலச் சிலையாக நிற்கிறது.

ஓட்டத்தை விட்ட பிறகு என்ன செய்தார்?
– வாசகர், ஈரோடு

தொழில் நடத்தினார். 2004 முதல் 2012 வரை ஆஸ்திரேலியாவின் கோல்டு கோஸ்ட் நகர மேயர். அவர் மேயராக இருந்தபோதுதான் 2018 காமன்வெல்த் போட்டி அந்த ஊருக்குக் கிடைத்தது. எதிர்த்து நின்ற ஊர் இலங்கையின் அம்பாந்தோட்டை. போட்டி நடப்பதைப் பார்க்க அவர் இல்லை. 2015 ஜூனில், 78 வயதில் காலமானார்.

என் மகன் கல்லூரியில் 5,000 மீட்டர் ஓடுகிறான். கடைசிச் சுற்றுவரை முதலில் இருக்கிறான், பிறகு இரண்டு பேர் தாண்டிவிடுகிறார்கள். பின்னாலேயே ஓடச் சொல்லலாமா?
– ஒரு தாய், திண்டுக்கல்

வேண்டாம் அம்மா. முன்னால் ஓடுவது அவன் சுபாவம் என்றால் அதை மாற்றாதீர்கள். ஆனால் டோக்கியோவில் கிளார்க் செய்த ஒன்றை அவன் செய்ய வேண்டாம். ஒரு சுற்று வேகமாக ஓடிவிட்டு அடுத்த சுற்றில் மட்டுப்படுத்தினால், பின்னால் வருகிறவர் அந்தச் சுற்றில் மூச்சு வாங்கிக்கொள்வார். அதற்குப் பதில் கடைசி மூன்று சுற்றையும் ஒன்றைவிட ஒன்று வேகமாக ஓடட்டும், பாய்ச்சல்காரனின் கால் அங்கேயே கரையும். சுற்றில் பின்தங்கியவர்களை வளைவில் தாண்டாமல், நேர்கோட்டிலேயே முன்கூட்டித் தாண்டப் பழக்குங்கள். வாரத்தில் ஒரு நாள், நீண்ட ஓட்டம் முடிந்து கால் களைத்திருக்கும்போது, 300 மீட்டரை நாலு முறை விரைந்து ஓடட்டும். அப்புறம், அவனுடைய கடைசிப் பந்தயத்தின் சுற்று நேரங்களை, பன்னிரண்டரை சுற்றையும், ஒரு தாளில் எழுதி அனுப்புங்கள். எந்தச் சுற்றில் விட்டுக்கொடுக்கிறான் என்று பார்த்துச் சொல்கிறேன்.