கொழுந்தனுக்காக வைத்த கையெழுத்து

கேள்வி: நான் மஸ்கெலியா பக்கம் ஒரு தோட்டப் பாடசாலையில் ஆசிரியை. மூன்று வருடத்துக்கு முன் என் கணவரின் தம்பி ஹட்டனில் ஒரு நிதி நிறுவனத்தில் லீசிங் போட்டு த்ரீவீல் எடுத்தார். நானும், லயத்தில் பக்கத்து வீட்டு அண்ணனும் பிணைக்குக் கையெழுத்து வைத்தோம். “சும்மா சாட்சிக்குத்தான் டீச்சர்” என்றார்கள். கொழுந்தன் எட்டு மாதம் கட்டாமல் விட்டுவிட்டு கட்டாருக்குப் போய்விட்டார். கம்பனி வண்டியை எடுத்துப்போய் விற்றுவிட்டது. இப்போது இன்னும் 412,000 ரூபா வேண்டும், 14 நாளில் கட்டு என்று எனக்குக் கடிதம் வந்திருக்கிறது. நான் ஒரு ரூபாயும் வாங்கவில்லை. என் சம்பளத்தை வெட்டுவார்களா? வீட்டுச் சாமானை அள்ளுவார்களா?

பதில்: சகோதரி, கசப்பானதை முதலில் சொல்லிவிடுகிறேன். நீங்கள் சாட்சி இல்லை, பிணையாளி. பணம் உங்கள் கைக்கு வந்ததா இல்லையா என்று சட்டம் கேட்காது. கடனாளி கட்டாவிட்டால் நான் கட்டுகிறேன் என்று எழுத்தில் பொறுப்பேற்றீர்களா என்றுதான் கேட்கும்.

அந்தப் படிவங்கள் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். நெருக்கி அச்சடித்த ஆங்கிலம். கையெழுத்து வைக்க வேண்டிய இடத்தில் மட்டும் பென்சிலால் ஒரு பெருக்கல் குறி. உங்கள் அடையாள அட்டைப் பிரதி, சம்பளச் சிட்டை, கிராம சேவகர் கடிதம் எல்லாம் வாங்கியிருப்பார்கள். சாட்சிக்கு எதற்குச் சம்பளச் சிட்டை? அன்றைக்கு உங்களிடம் அதை யாரும் எடுத்துச் சொல்லவில்லை என்பதுதான் எனக்கு வருத்தம். ஆனாலும் ‘வாசிக்காமல் வைத்தேன்’ என்பது மட்டும் நீதிமன்றத்தில் நிற்காது. தாள் இன்னதென்றே மறைத்து ஏமாற்றினார்கள் என்று காட்ட முடிந்தால் வழி இருக்கிறது. ஆனால் அது ஒடுக்கமான வழி, நிரூபிக்கும் சுமையும் உங்கள் மேல்தான்.

நம் நாட்டில் பிணை விடயத்தில் உரோம டச்சுச் சட்டம்தான் அடிப்படை. அது பிணையாளிக்கு இரண்டு நல்ல பாதுகாப்புகள் தருகிறது. முதலில் கடனாளியின் சொத்தைப் பார், அதில் தீராததற்கு மட்டும் என்னிடம் வா என்று சொல்லலாம். பிணையாளிகள் இருவர் என்றால் என் பங்கை மட்டும் கேள் என்றும் சொல்லலாம். ஆனால் நிதி நிறுவனங்களின் படிவங்களில் பெரும்பாலும் இந்த இரண்டையும் விட்டுக்கொடுப்பதாக ஒரு வாசகம் இருக்கும். ‘கூட்டாகவும் தனித்தனியாகவும்’ என்ற சொற்களும் இருக்கும். அப்படி இருந்தால் முழுத்தொகையையும் உங்கள் ஒருவரிடமே கேட்கலாம். மாதச் சம்பளக்காரர் என்பதால் அண்ணனை விட்டுவிட்டு உங்களைத்தான் பிடிப்பார்கள். ஆகவே முதல் வேலை, அந்தப் பிணை ஒப்பந்தத்தின் பிரதியை எழுத்தில் கேட்டு வாங்குவது.

அடுத்தது கணக்கு. எனக்கு சந்தேகம் இருப்பது இங்கேதான். வண்டியை எந்தத் திகதியில், எவ்வளவுக்கு விற்றார்கள்? விற்ற பணம் முழுவதும் கடனில் கழிந்ததா? தாமத வட்டி, வண்டியை எடுத்த செலவு, நிறுத்திவைத்த செலவு என்று என்னென்ன சேர்த்திருக்கிறார்கள்? ஒவ்வொன்றும் ஒப்பந்தத்தில் இருக்கிறதா? பதிவுத் தபாலில் கேளுங்கள். அந்தக் கடிதத்தில் ‘கடன்பட்டிருக்கிறேன்’ என்று எழுதிவிடாதீர்கள். ‘என் உரிமைகளுக்குப் பாதகமின்றி’ என்று தலைப்பிலேயே போடுங்கள். எழுத்து ஒப்பந்தத்தின் மேல் வழக்குப் போட பொதுவாக 6 வருடம் உண்டு. கடனை ஒப்புக்கொண்டு எழுதினால் அந்தக் காலம் புதிதாக எண்ணப்படலாம்.

வழக்கு வந்தால் பெரும்பாலும் 1990ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கக் கடன் அறவிடல் சட்டத்தின் கீழ் வரும். கடன் என்பதற்கு அந்தச் சட்டம் தரும் விளக்கத்திலேயே பிணையாளியும் அடங்குகிறார். சாதாரண வழக்கில் மறுமொழி போட ஆறுதலாக நேரம் கிடைக்கும். இங்கே அப்படியில்லை. மாவட்ட நீதிமன்றம் முதலில் ஒரு தற்காலிகத் தீர்ப்பாணை அனுப்பும். அதில் குறித்த திகதியில் போய், சத்தியக் கடதாசியோடு, வழக்காட அனுமதி கேட்க வேண்டும். விசாரிக்கத் தக்க பிரச்சினை ஒன்று இருக்கிறது என்று காட்ட வேண்டும், இல்லாவிட்டால் நீதிமன்றம் பணமோ பிணையமோ கட்டச் சொல்லலாம். போகாமல் விட்டால் அந்த ஆணையே இறுதியாகிவிடும். நீதிமன்றக் கடதாசியை வாங்காமல் கதவைச் சாத்துவது, வாங்கி அலுமாரிக்குள் வைப்பது இரண்டும் வேண்டாம். அன்றே ஒரு சட்டத்தரணியிடம் கொண்டுபோங்கள். வசதி இல்லையென்றால் சட்ட உதவி ஆணைக்குழுவின் நுவரெலியா நிலையத்துக்குப் போகலாம்.

சம்பளம் பற்றிக் கேட்டீர்கள். கம்பனி வலயக் கல்வி அலுவலகத்துக்கு ஒரு கடிதம் எழுதியதற்காக உங்கள் சம்பளத்தை வெட்ட முடியாது. நீதிமன்றக் கட்டளை வேண்டும், அல்லது நீங்களே எழுதிக்கொடுத்த சம்மதம் வேண்டும். பிணைத் தாள்களோடு அப்படியொரு சம்மதக் கடிதத்திலும் கையெழுத்து வாங்கினார்களா என்று பாருங்கள். வீட்டுக்குள் வந்து சாமான் எடுக்க லோன் அதிகாரிக்கு எந்த அதிகாரமும் இல்லை. தீர்ப்புக்குப் பிறகு, கட்டளையோடு பிஸ்கால், அதாவது நீதிமன்றக் கட்டளையை நிறைவேற்றும் அதிகாரிதான் வரலாம். அவரும் எல்லாவற்றையும் தொட முடியாது. உடுதுணி, தொழில் கருவி போன்றவற்றுக்குக் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 218ஆம் பிரிவு பாதுகாப்புத் தருகிறது. பொலிஸைக் காட்டி மிரட்டினால் பயப்படாதீர்கள், கடன் வசூலிப்பது பொலிஸின் வேலை அல்ல. பாடசாலை வாசலில் வந்து சத்தம் போட்டால் திகதி, நேரம், ஆள் பெயர் எழுதிவைத்து முதலில் அந்த நிறுவனத்திடம் முறையிடுங்கள். அசையாவிட்டால் மத்திய வங்கிக்கு 1935 என்ற இலக்கத்தில் சொல்லலாம்.

யார் யாருக்கு என்ன கடன் இருக்கிறது என்று பதிந்துவைக்கும், கிரிப் என்று எல்லோரும் சொல்லும் கொடுகடன் தகவல் பணியகத்திலும் உங்கள் பெயர் பிணையாளியாகப் பதிந்திருக்கலாம். நாளைக்கு நீங்கள் வீட்டுக்கடன் கேட்டுப் போகும்போது அது குறுக்கே நிற்கும். உங்கள் அறிக்கையை நீங்களே எடுத்துப் பார்க்கலாம்.

கட்டத்தான் வேண்டும் என்று வந்தால், கட்டும் ஒவ்வொரு ரூபாயையும் கொழுந்தனிடம் திருப்பிக் கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு. பங்குக்கு மேல் கட்டினால் அண்ணனிடமும் பங்கு கேட்கலாம். கையில் காசாகக் கொடுக்காதீர்கள். கம்பனியின் வங்கிக் கணக்கில் போட்டு, ‘பிணையாளியாகக் கட்டியது’ என்று ரசீது வாங்குங்கள். கம்பனி தவணைக்கு இணங்கினால், வட்டியில் எவ்வளவு குறைக்கிறார்கள் என்பதை எழுத்தில் வாங்கிய பிறகே முதல் தவணையைக் கட்டுங்கள்.

கொழுந்தனை இப்போதே பிடியுங்கள். குடும்பத்துக்குள் மனக்கசப்பு வரும் என்று உங்கள் கணவர் தயங்குவார், எனக்குப் புரிகிறது. ஆனால் அவர் கட்டாரில் சம்பாதித்துக்கொண்டிருக்கும் காலம் இதுதான். மாதாமாதம் கம்பனிக் கணக்குக்கு நேரே அனுப்பச் சொல்லுங்கள். ‘இது என் கடன், நான் கட்டுகிறேன்’ என்று வாட்ஸ்அப்பில் அவர் கையாலேயே எழுதச் சொல்லி, அதை அழிக்காமல் வையுங்கள். 14 நாளில் எத்தனை நாள் போய்விட்டது என்று நீங்கள் எழுதவில்லை. பிரதியும் கணக்கும் கேட்கும் கடிதம் நாளைக்கே தபாலில் போகட்டும்.