கண்ணுக்குத் தெரியும் தூரம் (கடிதம்)

வணக்கம்.

நான் ஒரு பள்ளியில் ஆங்கில ஆசிரியை. காமத்துப்பாலிலிருந்து சில குறள்களை ஆங்கிலத்தில் ஆக்கிப் பார்க்கிறேன். அதற்காகப் பழைய சொற்களைத் தேடியபோது ‘யாண்டர்’ என்ற சொல் பிடித்துப்போயிற்று. அகராதியில் ‘தொலைவிலுள்ள’ என்று பொருள் போட்டிருக்கிறது. பழக்கத்துக்காக ‘ஐ கம் ஃப்ரம் எ யாண்டர் வில்லேஜ்’ என்று ஒரு வாக்கியம் எழுதினேன். நண்பர் ஒருவர் அது பிழை என்கிறார். ஏன் என்று அவருக்குச் சொல்லத் தெரியவில்லை. யாழ்ப்பாணத்துத் தோழி, ‘இது எங்கட உந்த தானே’ என்கிறாள். நம்முடைய ‘யாண்டு’தான் ஆங்கிலத்தில் ‘யாண்டர்’ ஆனது என்று ஒரு காணொளியில் பார்த்தேன். எது சரி? இப்படி ஒரு சொல்லை இன்று எழுதினால் பகட்டாகத் தெரியாதா?

ஆ.

அன்புள்ள ஆ.,

சுட்டுச்சொற்களைப் பற்றி எழுத வேண்டும் என்று நினைத்துக்கொண்டிருந்த நேரத்தில் உங்கள் கடிதம் வந்தது. குறளை ஆங்கிலத்தில் ஆக்க உட்கார்ந்து, ஒரு சிறு சொல்லுக்காக நின்று யோசிக்கிறீர்களே, அது எனக்கு மகிழ்ச்சி. ஆனால் அந்தக் காணொளியை நம்பியதற்கு உங்களைக் கடிந்துகொள்ளத்தான் வேண்டும். நீங்கள் ஆசிரியை. நாளை இதை வகுப்பில் சொல்வீர்கள், நாற்பது பிள்ளைகள் எழுதிக்கொள்வார்கள்.

‘யாண்டு’ கேள்விச்சொல். யார், யாது, யாவை, யாங்கு என்று வரும் குடும்பத்தைச் சேர்ந்தது. ‘யாண்டும் இடும்பை இல’ என்ற குறளில் அது ‘எக்காலத்தும், எவ்விடத்தும்’ என்று விரிகிறது. ‘யாண்டர்’ கேட்காது, காட்டும். அதன் உறவுகள் ஜெர்மானிய மொழிகளில் இருக்கின்றன: ஜெர்மனில் ‘யேனர்’, கோதிக்கில் ‘யைன்ஸ்’. ‘பியாண்ட்’ என்று நாம் தினமும் சொல்கிறோமே, அதுவும் இந்தக் குடும்பம்தான். அமெரிக்கர் வாயில் ‘யாண்டர்’ என்றும் பிரிட்டனில் ‘யொண்டர்’ என்றும் ஒலிக்கும் சொல்லின் ஓர் உச்சரிப்பு மட்டும் நம் சொல்லோடு ஒத்துப்போகிறது என்பதற்காக உறவு கொண்டாடக் கூடாது. தமிழுக்கு அந்தத் தேவையே இல்லை. இந்தச் சொல்லுக்கும் தமிழுக்கும் உண்மையான ஒப்புமை வேறிடத்தில் இருக்கிறது, வருகிறேன்.

பகட்டா என்ற கேள்வியை விட்டுவிடுங்கள். சரியான இடத்தில் வைத்தால் யாரும் கேட்க மாட்டார்கள்.

இனி உங்கள் வாக்கியம். அதில் இரண்டு பிழைகள் இருக்கின்றன. சிறியதை முதலில் சொல்கிறேன். ‘யாண்டர்’ பெயரடையாக வரும்போது இரண்டு பொருள் தரும், இரண்டுக்கும் இலக்கணம் வேறு. முதல் பொருள், ‘அங்கே தெரிகிற’. இது ‘திஸ்’, ‘தட்’ போலச் சுட்டுவதால் முன்னால் ‘எ’, ‘தி’ எதுவும் வராது. ‘யாண்டர் ஹில்’ என்றால் முடிந்தது. ‘எ தட் ஹில்’ என்று யாரும் எழுத மாட்டார்கள் அல்லவா? ‘எ யாண்டர் வில்லேஜ்’ அதே வகைப் பிழை. இரண்டாவது பொருள், இரண்டு பக்கங்களில் ‘அப்பாலுள்ள’ பக்கம். இங்கே ‘தி’ கட்டாயம்: ‘தி யாண்டர் சைட் ஆஃப் தி வேலி’. நாம் அக்கரை, மலைக்கு அந்தப் பக்கம் என்று சொல்லும் இடம் இது. சைட், பேங்க், எண்ட் போன்ற, இரண்டில் ஒன்றைக் குறிக்கும் பெயர்களோடுதான் இது இயல்பாக நிற்கும். அந்த இடத்தில் ‘ஃபார்தர்’ என்று மாற்றி வைத்துப் பாருங்கள். பொருள் கெடவில்லை என்றால் ‘தி’ போடுங்கள்.

பன்மைக்கு வடிவம் மாறாது. ‘யாண்டர் ஹில்ஸ்’ என்பதே சரி. ‘மோர் யாண்டர்’ என்று ஒப்பிட முடியாது. ‘தி ஹில் இஸ் யாண்டர்’ என்ற வாக்கியத்தில் அது பெயரடை இல்லை, வினையடை. இன்று பேச்சில் மிஞ்சியிருப்பதும் பெரும்பாலும் இந்த வினையடைதான். அமெரிக்கத் தெற்கிலும் அப்பலாச்சிய மலைப்பகுதியிலும் ‘ஓவர் யாண்டர்’ என்பார்கள். காலத்துக்கு இந்தச் சொல்லை வைக்காதீர்கள். ‘அந்த நாளில்’ என்று சொல்ல நினைத்து ‘யாண்டர் டேஸ்’ என்று எழுதுபவர்கள், ‘டேஸ் ஆஃப் யோர்’ என்பதில் வரும் ‘யோர்’ என்ற வேறு சொல்லோடு குழப்பிக்கொள்கிறார்கள்.

பெரிய பிழை இலக்கணத்தில் இல்லை. உங்கள் வாக்கியத்தைப் படிக்கிறவருக்கு அந்தக் கிராமம் தெரியவில்லை, அதுதான் பிழை. ‘தொலைவிலுள்ள’ என்று அகராதி சொன்னது பாதி. பெரிய ஆங்கில அகராதிகள் ‘பார்வைக்குள், தொலைவில்’ என்று இரண்டையும் சேர்த்தே சொல்கின்றன. தமிழில் தரும்போது ‘பார்வைக்குள்’ விழுந்துவிட்டது. என்னைக் கேட்டால் இரண்டில் ஒன்றை விட்டே ஆக வேண்டும் என்றால் ‘தொலைவில்’ என்பதை விட்டிருக்கலாம்.

நிலாவை நினைத்துப் பாருங்கள். சராசரியாக 3,84,400 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. ஷேக்ஸ்பியரின் ரோமியோ அதை ‘யாண்டர் பிளெஸட் மூன்’ என்று சுட்டி, அதன்மேல் ஆணையிடுகிறான். ஜூலியட்டும் அதே நிலாவைப் பார்த்துக்கொண்டு நிற்பதால் அந்தச் சொல் செல்லுபடியாகிறது. குன்றுக்குப் பின்னால் ஐந்து கிலோமீட்டரில் மறைந்திருக்கும் ஊருக்கு இந்தப் பொருளில் அது செல்லாது. அவருடைய இன்னொரு நாடகத்தில் இளவரசன் ஹாம்லெட், அரசவையின் பொலோனியஸிடம் ஒட்டகம்போல இருக்கும் ‘யாண்டர் கிளவுட்’ தெரிகிறதா என்று கேட்பதும் அப்படித்தான். இருவரும் ஒரே வானத்தைப் பார்க்காவிட்டால், மேகம் ஒட்டகம், பிறகு கீரி, பிறகு திமிங்கிலம் என்று அவன் சொல்லச் சொல்லப் பொலோனியஸ் ஆமாம் போடும் அந்தக் காட்சியே நடக்காது.

இன்னும் துல்லியமான சான்று வேண்டுமென்றால் 1611ஆம் ஆண்டின் ஆங்கில விவிலியத்தில் ஆதியாகமம் 22ஆம் அதிகாரத்தைத் திறந்து பாருங்கள். நான்காம் வசனத்தில் ஆபிரகாம் கண்களை ஏறெடுத்து அந்த இடத்தைத் தூரத்தில் பார்க்கிறார். ஐந்தாம் வசனத்தில் வேலைக்காரர்களிடம், நீங்கள் ‘ஹியர்’ இருங்கள், நானும் பையனும் ‘யாண்டர்’ போய்த் தொழுதுவிட்டு வருகிறோம் என்கிறார். கண்ட பிறகே அந்தச் சொல் வருகிறது.

அதனால்தான் கடிதத்தில், மின்னஞ்சலில், தொலைபேசியில் இந்தச் சொல் இயல்பாக வராது. இருவர் ஒரே இடத்தில் நிற்க வேண்டும், ஒருவர் கை நீட்ட வேண்டும், மற்றவர் திரும்பிப் பார்க்க வேண்டும். கதையில் பாத்திரங்கள் அப்படி நின்றால் தாராளமாக எழுதலாம். கவிதையிலும் முதலில் ஒரு நிலக்காட்சியை வாசகர் கண்முன் விரித்துவிட்டு எழுதலாம். எடுத்த எடுப்பில் ‘யாண்டர்’ என்று தொடங்கினால், எதைக் காட்டுகிறார் என்று வாசகர் திகைத்து நிற்பார். அமெரிக்கத் தெற்கில் கண்ணுக்கு எட்டாத ஊரையும் ‘ஓவர் யாண்டர்’ என்பது உண்டு. அது பேச்சில் வினையடை அடைந்த நீட்சி. அதைப் பிடித்துக்கொண்டு உங்கள் வாக்கியத்துக்கு வாதாடாதீர்கள்.

தமிழில் இதைச் சோதிக்க எளிய வழி இருக்கிறது. அந்த இடத்தில் ‘அதோ’ என்று சொல்ல முடிகிறதா என்று பாருங்கள். ‘அந்த’ போதாது; பார்க்காத ஊரையும் அந்த ஊர் என்போம், நேற்றுப் பேசிய விஷயத்தையும் அந்த விஷயம் என்போம். ‘அதோ’ கண்ணைக் கேட்கும். ‘அதோ அந்த மலை’ என்று வாய் சொல்ல வந்தால் ‘யாண்டர் ஹில்’ சரி. ‘அதோ ஒரு கிராமத்திலிருந்து வருகிறேன்’ என்று உங்களால் சொல்ல முடியாது. உங்கள் நண்பருக்குச் சொல்லத் தெரியாமல் போன காரணம் இதுதான்.

தோழி சொன்னதில் பாதி உண்மை இருக்கிறது. பாதியோடு நின்றால் மொழிபெயர்ப்பு கெட்டுவிடும் என்பதால் இதைக் கொஞ்சம் நீட்டிச் சொல்கிறேன். ‘அ இ உ அம்மூன்றும் சுட்டு’ என்பது தொல்காப்பியம். உரைகாரர்கள் உகரத்தை அண்மைக்கும் சேய்மைக்கும் இடைப்பட்டது என்று விளக்கினார்கள். சூத்திரம் தூரத்தை அளக்கவில்லை, மூன்று என்றது, அவ்வளவுதான். தமிழகப் பேச்சில் உகரம் போய்விட்டது, ஈழத்தில் நிலைத்தது. ஆனால் அங்கே அது வலுவாகப் பற்றிக்கொண்டது எதிரே இருப்பவரை. ‘உதென்ன கையில?’ என்றால் உன் கையில். ‘உந்தக் கதையை விடு’ என்றால் நீ இப்போது சொன்ன கதை. யாழ்ப்பாணத்திலிருந்து டொராண்டோவுக்குத் தொலைபேசியில் ‘உங்கை மழையோ?’ என்று கேட்கலாம். கேட்பவர் கண்ணில் அந்த மழை படவே படாது. லத்தீனின் ‘இஸ்தே’, ஜப்பானியரின் ‘ஸோரே’ இந்த வகை.

‘யாண்டர்’ இதற்கு நேர்மாறு. அது உன் பக்கமும் இல்லை, என் பக்கமும் இல்லை, இருவரிடமிருந்தும் விலகியது. நீ சொன்ன யோசனையை ‘யாண்டர் ஐடியா’ என்று எந்தக் காலத்திலும் சொன்னதில்லை. ‘உதில நிக்கிறான்’ என்று கண்ணெதிரே கைகாட்டும் வழக்கும் ஈழத்தில் உண்டு, அந்த அளவில் தோழி சொல்வது சரி. ஆனால் ‘உந்த’வைக் கண்ட இடமெல்லாம் ‘யாண்டர்’ என்று போட்டால் பத்தில் எட்டு இடம் கெடும்.

சங்கத் தமிழின் உகரம் அப்படியில்லை. குறுந்தொகை 81ஆம் பாடலில் தோழி தலைவனிடம் ‘உதுக்காண்’ என்கிறாள். எதை? நிலவும் இருளும்போலக் கடலும் கானலும் (கடற்கரைச் சோலையும்) தோன்ற, மடல் தாழ்ந்த பனைகள் நிற்கும் எங்கள் சிறுநல்லூரை. அவளும் அவனும் ஒரே இடத்தில் நிற்கிறார்கள், ஊர் தள்ளி இருக்கிறது, கண்ணுக்குத் தெரிகிறது. ‘யாண்டர்’ கேட்கும் எல்லாமும் இங்கே இருக்கின்றன. உண்மையான ஒப்புமை என்று சொன்னேனே, அது இந்த உகரத்தோடுதான்.

இரண்டு மொழிகளும் இதை இழந்த விதமும் ஏறக்குறைய ஒன்று. ஹோல்கர் டீசல் என்ற மொழியியலாளர் 234 மொழிகளின் சுட்டுகளை வகைப்படுத்தியதில், 127 மொழிகள் தூரத்தை இரண்டு படிகளாகவும் (இது, அது போல) 88 மொழிகள் மூன்று படிகளாகவும் பிரித்தன. ஆங்கிலம் மூன்றிலிருந்து இரண்டுக்கு இறங்கியது, தமிழகத் தமிழும் இறங்கியது. ஓரங்களில் மட்டும் மூன்றாவது நிற்கிறது. ஸ்காட்லாந்தில் ‘யாண்டர்’ குடும்பத்துச் சுட்டான ‘யொன்’ இன்றும் பேச்சில் உண்டு. அங்கும் வட அயர்லாந்திலும் ‘திஸ்’, ‘தட்’ இரண்டோடும் ஒலி சேர்ந்து ‘தொன்’ என்றும் ஆயிற்று. ‘யொன்’, ‘யாண்டர்’ இரண்டில் எதை எடுப்பது என்று நீங்கள் கேட்கவில்லை. ஆனாலும், ஸ்காட்லாந்து வாடை வேண்டாம் என்றால் ‘யாண்டர்’ போதும்.

இவ்வளவும் எதற்கென்றால், காமத்துப்பாலை எடுத்திருக்கிறீர்கள், 1185ஆம் குறள் உங்கள் மேசைக்கு வந்தே தீரும்:

உவக்காண்எம் காதலர் செல்வார் இவக்காண்என்
மேனி பசப்புஊர் வது.

அவர் இன்னும் பார்வையை விட்டு மறையவில்லை. அதோ நடந்து போவது தெரிகிறது. அதற்குள் பசலை, பிரிவால் மேனி நிறம் மாறுவது, உடம்பில் ஊரத் தொடங்கிவிட்டது. இந்தக் குறளின் வேகம் முழுதும் ‘உவ’ என்ற இரண்டு எழுத்தில் இருக்கிறது. ‘அங்கே’ என்று பொருள்படும் ‘தேர்’ என்ற சொல்லை ஆங்கிலத்தில் போட்டால் அவர் எங்கோ போய்விட்டவர் ஆகலாம், பிரிந்து பல நாளும் ஆகியிருக்கலாம். அப்புறம் பசலை வந்ததில் என்ன அதிசயம்? ‘ஃபார் அவே’ என்று போட்டால் குறளே செத்துவிடும், தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். போகிறவரின் முதுகு தெரிய வேண்டும். அதை ஒரே சொல்லில் தரக்கூடியது, ஆங்கிலத்தில் நான் அறிந்தவரை, ‘யாண்டர்’தான்.

இங்கே அது பெயரடையாக வராது, வினையடையாகத்தான் வரும். வாக்கியத்தின் தலையில் வையுங்கள். எழுவாய் பெயர்ச்சொல்லாக இருந்தால் வினை முன்னால் வரும்: ‘யாண்டர் கோஸ் மை லவ்’. எழுவாய் ‘ஹி’ என்ற மாற்றுப்பெயராக இருந்தால் வினை பின்னால் போகும்: ‘யாண்டர் ஹி கோஸ்’. ‘ஹியர் கம்ஸ் தி பஸ்’, ‘ஹியர் இட் கம்ஸ்’ என்று வகுப்பில் சொல்லிக்கொடுக்கும் அதே விதி. இரண்டாவது பாதியை ‘ஹியர்’ என்று தொடங்கினால் உவ, இவ என்ற எதிர்நிலை கிடைத்துவிடும். ‘உவக்காண், இவக்காண்’ என்ற ஒலி இயைபு கிடைக்காது; அதற்காக ‘லுக் யாண்டர், லுக் ஹியர்’ என்று இரண்டு முறை ‘லுக்’ போட்டு நிரப்பாதீர்கள். ‘காண்’ செய்கிற வேலையை ‘யாண்டர்’ ஏற்கெனவே செய்துவிட்டது.

அன்புடன்