ஏழு விநாடி

அன்புள்ள ஐயா,

நான்கு வருடமாக ஆவணப்படங்களுக்கு எடிட்டிங் செய்கிறேன். படம் பேசப்பட்டால் இயக்குநரையும் ஒளிப்பதிவாளரையும்தான் பாராட்டுகிறார்கள். என் வேலையைச் சொன்னால், "வேண்டாததை வெட்டி எறிவதுதானே?" என்கிறார்கள். இதிலேயே இருப்பதா, இயக்குநராக முயல்வதா என்று குழப்பமாக இருக்கிறது.

எஸ்.

அன்புள்ள எஸ்.,

'ஹூப் ட்ரீம்ஸ்' (1994) என்ற ஆவணப்படத்துக்காக எடுத்தது ஏறக்குறைய 250 மணி நேரம். வெளியான படம் மூன்று மணி நேரத்துக்கும் குறைவு. மீதியை எறிந்துவிட்டால் படம் தானாக வந்துவிடுமா? கதைப்படத்து எடிட்டருக்குக் கையில் திரைக்கதை இருக்கும். ஆவணப்படத்தில் பெரும்பாலும் அதுவே எடிட்டிங் அறையில்தான் எழுதப்படுகிறது. அந்தப் படத்தின் தொகுப்பு ஆஸ்கர் பரிந்துரை வரை போனது.

நானும் சில வருடங்கள் அந்த நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறேன். ஒரு பேட்டி இன்னும் கண்ணிலேயே நிற்கிறது. மகனைப் பற்றிக் கேட்டதும் அந்த அம்மா உடனே பதில் சொல்லவில்லை. கண்ணாடியைக் கழற்றினார், துடைத்தார், திரும்பப் போட்டுக்கொள்ளாமல் கையிலேயே வைத்திருந்தார். ஏழு விநாடி. அப்புறம்தான் பேசினார். ரஃப் கட்டில், அதாவது முதல் கட்டத் தொகுப்பில், அந்த இடைவெளியை எடுத்துவிட்டுக் கேள்வியோடு பதிலை ஒட்டினேன். சுத்தமாகத்தான் இருந்தது. ஆனால் மனப்பாடம் செய்து ஒப்பிப்பதுபோலக் கேட்டது. மறுநாள் ஏழு விநாடியையும் திரும்ப வைத்தேன். அதே வார்த்தைகள்தான், ஆனால் அதைச் சொல்ல அவர் பட்ட பாடு இப்போது தெரிந்தது.

அன்று எனக்குப் பயமாகவே இருந்தது. 'நான் இப்படிச் சொல்லவில்லையே' என்று கேட்க அவர் எடிட்டிங் அறைக்கு வரப்போவதில்லை. அங்கே அவருக்காக இருப்பது நாம் மட்டும்தான். இயக்குநருக்கு ஒரு ஷாட்டைப் பார்த்தால் அதை எடுக்க அலைந்த அலைச்சலும் சேர்ந்து தெரியும். நமக்குத் திரையில் இருப்பது மட்டுமே தெரியும். பார்வையாளருக்கும் அப்படித்தானே! அதனால்தான் இந்த வேலைக்கு இன்னொருவர் வேண்டியிருக்கிறது.

சரி, பெயர் விஷயம். ஷார்லட் ஸ்வெரின் என்ற எடிட்டரைத் தெரிந்துகொள்ளுங்கள். 'கிம்மி ஷெல்டர்' (1970) ஓர் இசைக் கச்சேரியில் நடந்த கொலையைக் காட்டும் படம். அங்கே வாசித்த இசைக்குழுவினரை எடிட்டிங் மேஜை முன் உட்காரவைத்து, அந்தக் காட்சிகளைப் பார்க்கச் செய்து, அவர்கள் முகங்களையே படத்துக்குள் கொண்டுவந்தது அவருடைய யோசனை. படத்தை இயக்கிய மேஸல்ஸ் சகோதரர்களுடன் அவர் பெயரும் இயக்குநராக இடம்பெற்றது.

படமாக்க உங்களிடம் ஏதாவது இருந்தால் இயக்கப் போங்கள். கைதட்டலுக்காகப் போக வேண்டாம். அடுத்த படத்தை ஒப்புக்கொள்ளும்போதே உங்கள் பெயர் எங்கே, எப்படி வரும் என்று எழுதி வாங்கிவிடுங்கள். அதைக் கேட்கக் கூச்சமே வேண்டாம்.

அப்புறம், ஃபுட்டேஜை, அதாவது எடுத்துவந்த காட்சிகளை, முதல் தடவை பார்க்கும்போது எங்கே மனசு அசைந்தது என்று ஒரு நோட்டில் குறித்துக்கொள்ளுங்கள். நூறாவது தடவை பார்க்கும்போது எதுவுமே உறைக்காது. அன்றைக்கு அந்த நோட்டை எடுத்துப் பாருங்கள்.